சாகும் உரிமையும் பார்த்துக்கொள்ளும் கடமையும்

மும்பை கே.ஈ.எம். மருத்துவமனையில் செவிலியராக வேலை பார்த்தவர் அருணா ஷான்பாக். 1973 நவம்பர் 27 அன்று, அதே மருத்துவமனையின் துப்புரவுப் பணியாளன் ஒருவன் அவரைத் தாக்கினான். நாய்ச் சங்கிலியால் கழுத்தை இறுக்கியதில் மூளைக்குப் போகும் ரத்தம் தடைப்பட்டது. அருணாவுக்கு அப்போது 25 வயது. ஒரு மருத்துவருடன் திருமணம் நிச்சயமாகியிருந்தது. அன்று படுத்தவர் பிறகு எழவே இல்லை. ஏறத்தாழ 42 ஆண்டுகள் அதே மருத்துவமனையின் ஓர் அறையில் கிடந்து, 2015 மே 18 அன்று நிமோனியா காய்ச்சலில் இறந்தார்.

அவருடைய கதையைப் புத்தகமாக எழுதிய பத்திரிகையாளர் பிங்கி விரானி, 2009இல் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். இது வாழ்க்கையே இல்லை, உணவு கொடுப்பதை நிறுத்தி அருணாவை நிம்மதியாகப் போகவிடுங்கள் என்பது அவருடைய கோரிக்கை. மருத்துவமனைச் செவிலியர்கள் அதை எதிர்த்தார்கள். அருணா வேலை பார்த்த காலத்தில் பிறந்தேயிராத பெண்கள்கூட அவர்களில் இருந்தார்கள். ஒரு தலைமுறை ஓய்வு பெற்றால் அடுத்த தலைமுறை வந்து அவரைக் குளிப்பாட்டியது, புரட்டிப் படுக்க வைத்தது, உணவை மசித்து ஊட்டியது. அத்தனை ஆண்டுப் படுக்கையில் அவருக்கு ஒரு படுக்கைப் புண்கூட வரவில்லை என்பதை நீதிமன்றமே வியந்து பதிவு செய்தது.

சாகவிடுங்கள் என்று கேட்டவரும் இரக்கத்தால்தான் கேட்டார். வாழவிடுங்கள் என்று நின்றவர்களும் அன்பால்தான் நின்றார்கள். கருணைக்கொலை என்ற கேள்வியின் முழுக் கனமும் இங்கேதான் இருக்கிறது. கொடுமைக்காரன் ஒரு பக்கமும் நல்லவன் மறுபக்கமும் நிற்கும் வழக்காக இருந்தால் தீர்ப்புச் சொல்வது எளிது. இதில் இரு பக்கமும் நல்லவர்களே நிற்கிறார்கள்.

சொற்களைப் பிரித்துக்கொள்வோம்

இந்த விவாதத்தில் பாதிக் குழப்பம் சொற்களால் வருவது. நான்கு வெவ்வேறு நிலைகளை நாம் ஒரே பெயரால் அழைத்துவிடுகிறோம்.

முதலாவது, மூளைச்சாவு. மூளைத் தண்டு உட்பட மூளையின் இயக்கம் முழுவதும் திரும்பி வராதபடி நின்றுவிட்ட நிலை இது. வென்டிலேட்டரின் தயவில் நெஞ்சு ஏறி இறங்கினாலும், மருத்துவப்படி அவர் இறந்துவிட்டார். 1994ஆம் ஆண்டின் உறுப்பு மாற்றுச் சட்டம் உறுப்புக் கொடைக்காக இதை மரணமாக ஏற்கிறது. மூளைச்சாவு அடைந்தவரின் உறுப்புகளைக் குடும்பத்தார் தானம் கொடுப்பது தமிழ்நாட்டில் பலரும் அறிந்த செயல். அதற்கும் கருணைக்கொலைக்கும் சம்பந்தமே கிடையாது.

இரண்டாவது, பயன் தராத சிகிச்சையை நிறுத்துவது அல்லது தொடங்காமல் இருப்பது. புற்றுநோய் உடலெங்கும் பரவிவிட்ட 80 வயதுக்காரருக்கு மூச்சுக் குழாய் செருக வேண்டாம் என்று முடிவெடுப்பது இந்த வகை. நோய் தன் போக்கில் அவரைக் கொண்டுபோகிறது. நீதிமன்ற மொழியில் இதற்குச் ‘செயலற்ற கருணைக்கொலை’ என்று பெயர். நோயின் துன்பத்தைத் தணிக்கும் ஆதரவுச் சிகிச்சை மருத்துவர்கள் பலர் இந்தப் பெயரை ஏற்பதில்லை. கொலை என்ற சொல்லை இங்கே கொண்டுவருவதே தவறு என்கிறார்கள். நானும் அவர்கள் பக்கம்தான்.

மூன்றாவது, நோயாளி கேட்டுக்கொண்டதற்காக மருத்துவரே உயிர் போகும் ஊசியைப் போடுவது. இதுவே சரியான பொருளில் கருணைக்கொலை. நான்காவது, மருத்துவர் மருந்தை எழுதிக் கொடுக்க, நோயாளி தன் கையாலேயே எடுத்துக் குடிப்பது. இவை இரண்டும் இந்தியாவில் குற்றம்.

இன்னொன்றையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். தாங்க முடியாத வலியில் துடிப்பவருக்கு மார்ஃபின் கொடுக்கிறோம். வலியைத் தணிக்கக் கொடுத்த மருந்தால் ஆயுள் சற்றுக் குறையும் என்றாலும், அது கொலையாகாது என்பது பழைய அறவியல் கொள்கை. ஒரே செயலுக்கு இரு விளைவுகள் இருக்கும்போது, எதை நாடிச் செய்தோம் என்பதைப் பார்க்கச் சொல்கிறது அது. வேர் 13ஆம் நூற்றாண்டின் தாமஸ் அக்வினாஸிடம் இருக்கிறது. உண்மையில், அளவறிந்து கொடுக்கும் மார்ஃபின் ஆளைக் கொல்வதில்லை என்பதே இன்றைய மருத்துவ அனுபவம். ஆனாலும் ‘மார்ஃபின் போட்டால் முடிஞ்சுது’ என்ற பயம் நம் ஊரில் இன்னும் போகவில்லை. அந்தப் பயத்தால் வலியோடு செத்தவர்கள் ஏராளம்.

மரபு என்ன சொல்கிறது?

உயிர் புனிதமானது என்பதில் சமயங்களுக்குள் சண்டை இல்லை. அந்தப் புனிதம் நம்மிடம் என்ன கேட்கிறது என்பதில்தான் வேறுபாடு.

இஸ்லாத்தில் உயிர் இறைவன் தந்த அமானிதம். ஒப்படைக்கப்பட்ட பொருளை முடித்துவைக்கும் உரிமை மனிதனுக்கு இல்லை. கத்தோலிக்கத் திருச்சபையும் கொல்வதை எந்த நிலையிலும் ஏற்பதில்லை. 1995இல் இரண்டாம் ஜான் பால் வெளியிட்ட சுற்றுமடல் இதை அழுத்தமாகச் சொன்னது. ஆனால் அதே திருச்சபையின் போப் பன்னிரண்டாம் பயஸ், 1957இலேயே மயக்கவியல் மருத்துவர்களிடம், வழக்கத்துக்கு மீறிய கருவிகளைக் கொண்டு உயிரை இழுத்துப் பிடிக்க வேண்டிய கடமை யாருக்கும் இல்லை என்று தெளிவுபடுத்தினார். ஐ.சி.யு. என்ற ஏற்பாடு உலகில் தலைகாட்டத் தொடங்கிய காலத்தில் வந்த சொல் அது. பௌத்தத் துறவியர் விதிகள் இன்னும் நுட்பமானவை. ஒருவரிடம் மரணத்தைப் புகழ்ந்து பேசி அவரைச் சாவுக்குத் தூண்டும் பிக்கு, சங்கத்தை விட்டே வெளியேற வேண்டும். சொல்லும் கொல்லும் என்பதை அந்த விதி அறிந்திருந்தது.

நம் மண்ணின் மரபு வேறொரு பக்கத்தைக் காட்டுகிறது. செஞ்சிக்கு அருகே திருநாதர்குன்றில், 57 நாள் உண்ணா நோன்பிருந்து உயிர் நீத்த சந்திரநந்தி என்ற சமண ஆசிரியரின் நினைவுக் கல்வெட்டு இருக்கிறது. சங்க காலத்தில் கோப்பெருஞ்சோழன் வடக்கிருந்து, அதாவது வடக்கு நோக்கி அமர்ந்து உண்ணா நோன்பிருந்து, உயிர் விட்டதையும், அவன் நண்பர் பிசிராந்தையார் தேடி வந்து உடன் அமர்ந்ததையும் புறநானூறு பதிந்து வைத்திருக்கிறது. உண்ணா நோன்பிருந்து உயிர் விடும் சமணரின் சல்லேகனை இன்றும் நடக்கிறது. அது தற்கொலைக்குச் சமம் என்று 2015 ஆகஸ்ட் 10 அன்று ராஜஸ்தான் உயர் நீதிமன்றம் தடை விதித்தது. அதே மாதம் 31ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை நிறுத்திவைத்தது. காந்தியவாதி வினோபா பாவே 1982 நவம்பரில் பவுனார் ஆசிரமத்தில் உணவையும் மருந்தையும் மறுத்து உயிர் விட்டார்.

இவற்றைக் காட்டிக் கருணைக்கொலைக்கு ஆதரவு தேடுகிறவர்கள் உண்டு. பொருந்தாத வாதம் அது. சோழன் நோயால் வடக்கிருக்கவில்லை. தன் மகன்களோடு மூண்ட பகையும் மானமும் அவனை அங்கே உட்கார வைத்தன. வினோபாவின் உயிரை வேறொருவர் கை முடித்து வைக்கவில்லை. தன் நோன்பைத் தானே நோற்பது ஒன்று. இன்னொருவரைக் கொல்லும் பொறுப்பை மருத்துவரிடம் கொடுப்பது முற்றிலும் வேறொன்று. ஆயினும் இந்த மரபிலிருந்து ஒன்றைக் கற்கலாம். சாவை எப்பாடு பட்டாவது தள்ளிப்போட வேண்டிய பகையாக நம் முன்னோர் பார்க்கவில்லை.

காந்தியின் ஆசிரமத்தில் 1928இல் நடந்ததும் இங்கே நினைவுக்கு வருகிறது. தீரா நோயில் துடித்த ஒரு கன்றுக்குட்டியை, மருத்துவரைக் கொண்டு ஊசி போட்டுக் கொல்ல அவர் அனுமதித்தார். அகிம்சை பேசியவர் பசுவதை செய்தாரென்று கோபக் கடிதங்கள் குவிந்தன. மனிதருக்கும் இதே நியாயம் பொருந்துமா என்ற கேள்விக்கு அவர் அளித்த விளக்கம் ஆழமானது. எந்த உதவியும் செய்ய வழியே இல்லாத நிலை வந்தால் மனிதருக்கும் அது பொருந்தலாம். ஆனால் நோயுற்ற நம்மவருக்குப் பணிவிடை செய்ய ஏதோ ஒரு வழி எப்போதும் இருக்கிறது, தமக்காகச் சிந்தித்து முடிவெடுக்கும் ஆற்றலும் அவர்களுக்கு இருக்கிறது என்ற பொருளில் எழுதினார். பணிவிடைக்கு வழி இருக்கிறதா என்று முதலில் கேட்ட அந்த வரிசையை நாம் பிடித்துக்கொள்ள வேண்டும்.

ஜெர்மனி விட்டுச்சென்ற வடு

கருணை என்ற சொல்லை அரசு கையில் எடுத்தால் என்ன ஆகும் என்பதை 20ஆம் நூற்றாண்டு பார்த்துவிட்டது. 1939 அக்டோபரில் ஹிட்லர் ஒரு தாளில் கையெழுத்திட்டார். தீராத நோயாளிகளுக்குக் ‘கருணை மரணம்’ வழங்க மருத்துவர்களுக்கு அதிகாரம் கொடுத்த தாள் அது. மனநலக் காப்பகங்களிலிருந்து சாம்பல் நிறப் பேருந்துகளில் ஆட்களை ஏற்றிச் சென்று நச்சுவாயு அறைகளில் கொன்றார்கள். 1941 ஆகஸ்ட் வரையில் மட்டும் சுமார் 70 ஆயிரம் பேர். அந்த மாதம் மூன்றாம் தேதி மூன்ஸ்டர் நகர ஆயர் கிளமென்ஸ் வான் காலன், பிரசங்க மேடையிலிருந்து இதை வெளிப்படையாகக் கண்டித்தார். பயன்படாதவரைக் கொல்லலாம் என்றால், முதுமையில் நாம் எல்லோரும் பயன்படாதவர்கள்தானே என்பது அவர் வைத்த வாதம்.

இன்று கருணைக்கொலையை ஏற்கும் ஜனநாயக நாடுகளை நாஜிகளோடு ஒப்பிடுவது நியாயமாகாது. அங்கே நோயாளியின் சம்மதம் அடித்தளம்; நாஜிகளிடம் சம்மதத்துக்கு இடமே இல்லை. இருந்தாலும் ‘வாழத் தகாத உயிர்’ என்ற எண்ணம் கொலைக்கூடத்தில் பிறக்கவில்லை. அதற்கு முன்பே சட்ட அறிஞரும் மருத்துவரும் எழுதிய புத்தகத்தில் பிறந்தது. ஓர் உயிரின் மதிப்பை அதன் பயனால் அளக்கத் தொடங்கும் பேச்சு எங்கே கேட்டாலும் விழித்துக்கொள்ள வேண்டும் என்பதே அந்த வரலாற்றின் பாடம்.

கொல்வதும் போகவிடுவதும்

தத்துவ உலகில் இந்தக் கேள்வியைக் கூர்மையாக்கியவர் அமெரிக்கத் தத்துவ அறிஞர் ஜேம்ஸ் ரேச்சல்ஸ். 1975இல் ஒரு மருத்துவ இதழில் அவர் எழுதிய கட்டுரை இன்றும் பேசப்படுகிறது. சொத்துக்காகத் தன் உறவுக்காரச் சிறுவனைக் குளியல் தொட்டியில் அமுக்கிக் கொல்கிறான் ஒருவன். அதே எண்ணத்தோடு போன இன்னொருவன், சிறுவன் தானே வழுக்கி விழுந்து மூழ்குவதைப் பார்த்துக்கொண்டே நிற்கிறான். இருவரில் இரண்டாமவன் நல்லவனா என்று ரேச்சல்ஸ் கேட்டார். கொல்வதற்கும் சாகவிடுவதற்கும் அறத்தில் வேறுபாடு இல்லை என்றால், சிகிச்சையை நிறுத்தி நாள்கணக்கில் துன்புறவிடுவதைவிட ஊசி போடுவதே இரக்கம் என்பது அவர் முடிவு.

வலுவான வாதம்தான். ஆனால் அந்த இரண்டாமவன் காப்பாற்றியிருக்கக்கூடிய சிறுவனைக் காப்பாற்றாமல் விட்டவன். ஐ.சி.யு.வில் மருத்துவர் நிற்கும் இடம் அதுவல்ல. காப்பாற்ற முடியாதவரை மேலும் வதைக்காமல் கையை எடுத்துக்கொள்கிறார் அவர். அப்போதும் பக்கத்தை விட்டுப் போவதில்லை: வலிக்கு மருந்து கொடுக்கிறார், உலர்ந்த உதட்டை ஈரப்படுத்தச் சொல்கிறார், உறவினரை உள்ளே அழைக்கிறார். சிகிச்சை நிற்கிறது, பார்த்துக்கொள்வது நிற்பதில்லை. ரேச்சல்ஸின் உவமையில் பார்த்துக்கொள்ளும் கை எங்குமே வரவில்லை. அதனால்தான் அது நம்மை முழுதாக ஒப்புக்கொள்ள வைப்பதில்லை.

மறுபக்கத்துக்கும் ஓர் எச்சரிக்கை வேண்டும். உயிர் புனிதம் என்று சொல்லி, திரும்பி வர வழியற்ற உடலில் குழாய் மேல் குழாயாகச் செருகுவது அந்தப் புனிதத்துக்குச் செய்யும் மரியாதையாகாது. கைகளைக் கட்டிலோடு கட்டி, பேச முடியாமல் வாயில் குழாயோடு, பேரப்பிள்ளை முகம் பார்க்காமல் கண்ணாடிக்கு அப்பால் போகும் உயிருக்கு நாம் என்ன மதிப்புக் கொடுத்தோம்? உயிரைப் புனிதமாகக் கருதுகிறவர் அதன் முடிவையும் புனிதமாகக் கருத வேண்டும்.

இந்திய நீதிமன்றங்கள் நடந்த வழி

1994இல் பி. ரத்தினம் வழக்கில், தற்கொலை முயற்சியைத் தண்டித்த, அன்றைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 309ஆவது பிரிவு செல்லாது என்று உச்ச நீதிமன்றம் கூறியது. இரண்டே ஆண்டில், 1996இல், ஞான் கவுர் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாற்றியது. வாழும் உரிமைக்குள் சாகும் உரிமை அடங்காது என்றது. ஆனால் இயற்கையாகத் தொடங்கிவிட்ட சாவின் கடைசிக் கட்டத்தில் கண்ணியத்தோடு இருப்பது வாழும் உரிமையின் பகுதியே என்று ஒரு சாளரத்தையும் திறந்து வைத்தது.

2011 மார்ச் 7 அன்று அருணா வழக்கில் நீதிபதிகள் மார்க்கண்டேய கட்ஜுவும் ஞான் சுதா மிஸ்ராவும் தீர்ப்பு வழங்கினார்கள். உயிர் காக்கும் சிகிச்சையை உயர் நீதிமன்ற அனுமதியோடு நிறுத்தலாம் என்ற வழி முதன்முதலாக அப்போது பிறந்தது. அருணாவுக்கு அது பொருந்தாது என்றும் நீதிமன்றம் சொன்னது. காரணம்தான் கவனிக்கத் தக்கது. அவருக்காக முடிவெடுக்க உண்மையான நெருங்கிய துணை யார்? புத்தகம் எழுதிய விரானி அல்ல, இரவு பகலாகப் பார்த்துக்கொண்ட மருத்துவமனைப் பணியாளர்களே என்று நீதிமன்றம் முடிவு செய்தது. மீன் சாறு கொடுத்தால் அருணா விரும்பிக் குடிப்பார் என்பதை அவர்கள்தான் அறிந்திருந்தார்கள்.

2018 மார்ச் 9 அன்று ‘காமன் காஸ்’ அமைப்பு தொடுத்த வழக்கில், தலைமை நீதிபதி தீபக் மிஸ்ரா தலைமையிலான ஐந்து நீதிபதிகள் அமர்வு ஒரு படி மேலே போனது. கண்ணியத்தோடு சாவது அரசியல் சட்டத்தின் 21ஆவது பிரிவு தரும் உரிமை என்றது. எனக்கு இந்த நிலை வந்தால் இன்ன சிகிச்சை வேண்டாம் என்று நல்ல நினைவோடு இருக்கும்போதே எழுதிவைக்கும் ‘லிவிங் வில்’ செல்லும் என்றது. ஆனால் நடைமுறை கடினமாக இருந்தது. மாஜிஸ்திரேட் மேலொப்பம் வேண்டும் என்ற விதியாலேயே பலர் எழுதாமல் விட்டார்கள். 2023 ஜனவரி 24 அன்று நீதிமன்றம் அதைத் தளர்த்தியது. இப்போது 18 வயது நிரம்பிய எவரும் இரண்டு சாட்சிகளோடு, நோட்டரி அல்லது அரசிதழ் பதிவு பெற்ற அதிகாரி முன்னிலையில் எழுதலாம். தனக்காக முடிவெடுக்க வேண்டியவர்களின் பெயரையும் குறிக்கலாம். சிகிச்சையை நிறுத்துவதற்கு முன் மருத்துவமனையின் முதல்நிலை மருத்துவக் குழுவும், அதற்கு மேல் மாவட்ட மருத்துவ அதிகாரி நியமிக்கும் மருத்துவர் இடம்பெறும் இரண்டாம் குழுவும் ஒப்ப வேண்டும். குழுக்கள் கூடுமானவரை 48 மணி நேரத்துக்குள் கருத்துச் சொல்ல வேண்டும். நிறுத்துவதற்கு முன் மாஜிஸ்திரேட்டுக்குத் தகவல் கொடுத்தால் போதும். 2025 ஜனவரியில் கர்நாடக அரசு இதை நடைமுறைப்படுத்த ஆணை பிறப்பித்தது.

சட்டமாக்கிய நாடுகளின் அனுபவம்

நெதர்லாந்தில் 1973இல் ஒரு பெண் மருத்துவர், நோயுற்ற தன் தாய்க்கு மார்ஃபின் ஊசி போட்டு உயிரை முடித்ததற்காக ஒரு வாரத் தண்டனை பெற்றார். அதுவும் நிறுத்திவைக்கப்பட்டது. அந்த வழக்கிலிருந்து தொடங்கிய விவாதம், 2002 ஏப்ரலில் சட்டமாக முடிந்தது. அதே ஆண்டில் பெல்ஜியமும் சட்டம் இயற்றி, 2014இல் சிறாருக்கும் அதை விரித்தது. கனடா 2016இல் தொடங்கியது. பின்னர் ஸ்பெயினும் நியூசிலாந்தும் சேர்ந்தன. அமெரிக்காவின் ஆரிகன் மாநிலத்தில் 1997 முதல், ஆறு மாதத்துக்குள் இறப்பார் என்று கணிக்கப்பட்டவர் மட்டும் மருந்தை எழுதி வாங்கித் தானே எடுத்துக்கொள்ளலாம்.

இந்த அனுபவங்களிலிருந்து இரண்டு உண்மைகளை ஒளிக்காமல் சொல்ல வேண்டும். முதல் உண்மை, எதிர்ப்பவர்களுக்குச் சங்கடமானது. ஆரிகனில் மருந்து கேட்டவர்கள் சொன்ன காரணங்களில் வலி முதலிடத்தில் இல்லை. தன் விருப்பப்படி இயங்க முடியாமை, பிடித்ததைச் செய்ய முடியாமை, கண்ணியம் இழப்பது ஆகியவையே முன்னால் நிற்கின்றன. வலியைத் தணித்துவிட்டால் சாவைக் கேட்கவே மாட்டார்கள் என்று நாம் சொல்லிக்கொள்ள முடியாது.

இரண்டாவது உண்மை, ஆதரிப்பவர்களுக்குச் சங்கடமானது. போட்ட எல்லை போட்ட இடத்தில் நிற்பதில்லை. கனடாவில் மரணம் அண்மையில் எதிர்பார்க்கப்படுபவருக்கு மட்டும் என்று தொடங்கிய சட்டம், 2021இல் அந்த நிபந்தனையைக் கைவிட்டது. சாகும் நிலையில் இல்லாத, ஆனால் தீராத உடல் குறைபாடு உள்ளவர்களும் கேட்கலாம் என்றானது. மாற்றுத்திறனாளிகள் அமைப்புகள் இதைக் கடுமையாக எதிர்த்தன. வாழ்வதற்கு உதவி கேட்டு வரிசையில் நிற்கும் எங்களுக்குச் சாவதற்கு மட்டும் உதவியா என்பதே அவர்கள் கேள்வியின் சாரம். 2023இல் கனடாவில் இவ்வழியில் இறந்தவர்கள் 15 ஆயிரத்துக்கும் மேல். மொத்த இறப்புகளில் ஏறத்தாழ 4.7 விழுக்காடு. நெதர்லாந்தில் அதே ஆண்டு 9 ஆயிரத்துக்கும் மேல். அரிய விதிவிலக்காக எண்ணப்பட்டது, பல வகைச் சாவுகளில் ஒரு வகையாகிவிட்டது.

நம் வீட்டுத் திண்ணை

கனடாவில் வலுவான பொது மருத்துவமும் ஓய்வூதியமும் இருந்தே இந்தக் கேள்வி எழுகிறது. நம் நிலை என்ன?

விருதுநகர், மதுரை, தேனி வட்டாரங்களில் தலைக்கூத்தல் என்ற பேச்சைக் கேட்டிருப்போம். படுத்த படுக்கையாகிவிட்ட முதியவருக்கு விடியற்காலையில் தலை நிறைய எண்ணெய் வைத்துக் குளிர்ந்த நீரில் குளிப்பாட்டுவார்கள். பிறகு இளநீரைக் கொடுத்துக்கொண்டே இருப்பார்கள். காய்ச்சல் கண்டு ஓரிரு நாளில் உயிர் போகும். மூக்கைப் பிடித்துப் பால் ஊற்றுவதும், மண்ணைக் கரைத்துக் கொடுப்பதும் உண்டு. சொந்தக்காரர்களுக்குச் சொல்லியனுப்பிவிட்டே நடக்கும். 2010இல் விருதுநகர் மாவட்டத்திலிருந்து வந்த செய்திகளுக்குப் பிறகு வெளியுலகம் இதைக் கவனித்தது. தேசிய விருது பெற்ற ‘பாரம்’ உள்ளிட்ட திரைப்படங்கள் இதைப் பேசின. இதையும் கருணை என்றே சொல்வார்கள். இழுத்துக்கிட்டுக் கிடக்காமல் நல்லபடியாகப் போகட்டும் என்பார்கள். ஆனால் அங்கே படுத்திருப்பவரின் சம்மதத்தை யாரும் கேட்பதில்லை. பார்த்துக்கொள்ள ஆளில்லை, வைத்தியத்துக்குக் காசில்லை, கூலிக்குப் போகாவிட்டால் அடுப்பு எரியாது என்பவையே உண்மைக் காரணங்கள். அந்தக் குடும்பங்களைக் கொடியவர்கள் என்று திட்டிவிட்டு நகர்வது எளிது. கைவிடப்பட்ட குடும்பம் தன் முதியவரைக் கைவிட்டது என்பதே சரியான வாசிப்பு.

திங்கட்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாளில் ஆட்சியர் அலுவலகங்களுக்கு வரும் சில மனுக்களையும் நினைத்துப் பாருங்கள். ‘எங்களைக் கருணைக்கொலை செய்துவிடுங்கள்’ என்று எழுதிய தாளோடு நிற்கிறார்கள். விசாரித்தால் நிலத் தகராறு, நின்றுபோன உதவித்தொகை, மகன் வீட்டைவிட்டுத் துரத்தியது என்று ஏதோ ஒன்று இருக்கும். சாவைக் கேட்கும் குரலுக்குள் வாழ வழி கேட்கும் குரல் இருப்பதை இதைவிடத் தெளிவாக எந்த ஆய்வும் காட்டாது.

‘கை கால் நடமாட்டத்தோடயே போய்ச் சேர்ந்துடணும், யாருக்கும் பாரமா இருக்கக் கூடாது’ என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சாமியிடம் வேண்டிக்கொள்கிறார்கள். குறிப்பாகப் பெண்கள். ஆயுள் முழுக்க எல்லோரையும் பார்த்துக்கொண்டவர், தன்னை ஒருவர் பார்த்துக்கொள்ள வேண்டிய நிலை வந்ததும் கூசிப்போகிறார். இந்த வீட்டில் சாகும் உரிமையைச் சட்டமாக்கினால், அது எத்தனை பேர் காதில் ‘நீ எப்போது போகப்போகிறாய்’ என்ற கேள்வியாக விழும்? சம்மதம் என்று அவர் போடும் கையெழுத்தில் எவ்வளவு அவருடையது, எவ்வளவு குடும்பத்தின் களைப்புடையது என்று எந்தக் குழுவால் பிரித்துச் சொல்ல முடியும்?

இன்னொரு பக்கம், பணத்தால் நடக்கும் சாவு. பெரிய மருத்துவமனையில் ஒரு வாரம் வென்டிலேட்டரில் வைத்து, நகை அடகுக்குப் போய், நிலம் விற்றுப்போய், இனி முடியாது என்றதும் ‘எங்கள் பொறுப்பில் அழைத்துப் போகிறோம்’ என்று எழுதிக் கொடுத்துவிட்டு ஆம்புலன்ஸில் ஏற்றுகிறார்கள். வழியிலோ வீட்டிலோ உயிர் போகிறது. வலிக்கு மருந்தில்லை, மூச்சுத் திணறலுக்கு உதவியில்லை, அருகில் செவிலியரில்லை. அறிவிக்கப்படாத சிகிச்சை நிறுத்தம் இது. சட்டத்தின் குழுக்கள் எவையும் இதைப் பார்ப்பதில்லை.

மூன்றாவது வழி

சிசிலி சாண்டர்ஸ் என்ற ஆங்கிலேயப் பெண்மணி முதலில் செவிலியர், பிறகு சமூகப் பணியாளர், கடைசியில் மருத்துவர். சாகிறவர்களின் வலியைப் புரிந்துகொள்ளவே மருத்துவம் படித்தவர். 1967இல் லண்டனில் செயின்ட் கிறிஸ்டஃபர் காப்பகத்தைத் தொடங்கினார். உடல் வலி, மன வலி, உறவின் வலி, ஆன்மிக வலி எல்லாம் சேர்ந்ததே சாகிறவரின் முழு வலி என்று அவர் கற்பித்தார்.

அந்த விதை நமக்குப் பக்கத்திலேயே மரமாகியிருக்கிறது. 1993இல் கோழிக்கோடு மருத்துவக் கல்லூரியில் டாக்டர் எம்.ஆர். ராஜகோபாலும் நண்பர்களும் சிறிய அளவில் தொடங்கிய பணி, கேரளம் முழுக்க அக்கம்பக்கத்துத் தன்னார்வலர் வலையாக விரிந்தது. 2008இல் கேரள அரசு இதற்கெனக் கொள்கையே வகுத்தது. உள்ளாட்சி அமைப்பின் செவிலியர் வீடு தேடிப் போய்ப் புண்ணைக் கழுவுகிறார், மார்ஃபின் மாத்திரை கொடுக்கிறார், களைத்துப்போன மருமகளிடம் பத்து நிமிடம் பேசிவிட்டு வருகிறார். அரிசி இல்லாத வீட்டுக்கு அரிசியும் போகிறது.

தமிழ்நாட்டில் 2021 ஆகஸ்டில் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் வீட்டிலேயே ஆதரவுச் சிகிச்சை தருவதும் சேர்ந்திருக்கிறது. நல்ல தொடக்கம் அது. ஆனால் தேவையின் பரப்பு மிகப் பெரியது. உலக அளவில் ஆதரவுச் சிகிச்சை தேவைப்படுவோரில் சுமார் 14 விழுக்காட்டினருக்கே அது கிடைக்கிறது என்கிறது உலக சுகாதார நிறுவனம். அபினியைச் சட்டப்படி பயிரிடும் சில நாடுகளில் இந்தியாவும் ஒன்று. அப்படியிருந்தும் 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் சட்டக் கெடுபிடியால், நம் புற்றுநோயாளிகளுக்கு மார்ஃபின் எட்டாக்கனியானது. 2014இல் திருத்தம் வந்து விதிகள் எளிமையாயின. மருந்து இன்னமும் எல்லா மாவட்ட நோயாளிக்கும் எளிதில் கிடைத்துவிடவில்லை.

தீர்ப்பு

இவ்வளவையும் வைத்துப் பார்த்து நான் வந்தடையும் முடிவை மறைக்காமல் சொல்கிறேன். பயன் தராத சிகிச்சையை மறுப்பது ஒவ்வொருவரின் உரிமை. அதை நிறுத்துவது கொலையாகாது. மருத்துவரும் குடும்பமும் அதற்காகக் குற்ற உணர்வு கொள்ள வேண்டியதில்லை. அதே நேரம், ஊசி போட்டு உயிரை முடிக்கும் அதிகாரத்தை நம் சட்டம் யாருக்கும் கொடுக்கக் கூடாது. சிலருடைய துன்பம் எந்த மருந்துக்கும் அடங்காது என்பதை நான் அறிவேன். அவர்களைக் கடைசி நாள்களில் மயக்கத்திலேயே வைத்து வலி தெரியாமல் காக்கும் வழி மருத்துவத்தில் இருக்கிறது. அதையும் தாண்டித் துன்புறுபவருக்கு என் முடிவு கடுமையாகவே இருக்கும். அந்தக் கடுமையை ஏற்றுக்கொண்டே சொல்கிறேன். வலி மாத்திரையை வீடு வரை கொண்டு சேர்க்காத அரசுக்கு, சாவு ஊசியைக் கொண்டு சேர்க்கும் தகுதி இல்லை. முதியவர் தன்னைப் பாரமாக நினைக்கும் சமூகத்தில் அவருடைய சம்மதத்தைச் சுதந்திரம் என்று நம்புவதற்கு எனக்குத் துணிவில்லை.

செய்ய வேண்டியவை கண்ணெதிரே இருக்கின்றன. ஒவ்வொரு மாவட்டத் தலைமை மருத்துவமனையிலும் மார்ஃபினும் அதைக் கொடுக்கத் தெரிந்த மருத்துவரும் இருக்க வேண்டும். உச்ச நீதிமன்றம் சொன்ன இரண்டாம் மருத்துவக் குழுவுக்கு எல்லா மாவட்டங்களிலும் மருத்துவர் பட்டியல் தயாராக இருக்க வேண்டும். வீட்டில் நோயாளியைப் பார்த்துக்கொள்பவருக்கு, பெரும்பாலும் அது ஒரு பெண், ஓய்வும் உதவித்தொகையும் கிடைக்க வேண்டும்.

வாசகருக்கு ஒரு வேண்டுகோள். இந்த வாரம் ஒரு மாலை, அம்மாவோடோ அப்பாவோடோ உட்கார்ந்து கேளுங்கள். கடைசிக் காலத்தில் எங்கே இருக்க விரும்புகிறார்கள், எந்தச் சிகிச்சை வேண்டும், எது வேண்டாம், யார் பக்கத்தில் இருக்க வேண்டும் என்று கேளுங்கள். உங்கள் விருப்பத்தையும் சொல்லுங்கள். எழுதி, இரண்டு சாட்சியோடு நோட்டரியிடம் கொடுத்துக் கையெழுத்து வாங்குங்கள். அபசகுனம் என்று ஒதுக்காதீர்கள். அதைப் பேசி முடித்ததும், கடைசிவரை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லுங்கள். அவர்கள் கேட்க விரும்புவது அந்தச் சொல்லைத்தான்.